வண்டி என்ன பாவம் செய்தது?



மளிகைக் கடை நடத்துகிறவனுக்கும் மதுவிலக்குச் சட்டத்துக்கும் என்ன சம்பந்தம் என்று நம்மில் சிலர் கேட்கலாம். நெருங்கிய சம்பந்தம் உண்டு. 1937 அக்டோபர் 1 அன்று ராஜாஜியின் அமைச்சரவை சேலம் ஜில்லாவில் முதன்முதலாக மதுவிலக்கைக் கொண்டு வந்தது. அதனால் கஜானாவுக்கு ஏற்பட்ட நஷ்டத்தை ஈடுகட்ட 1939-ல் பொது விற்பனை வரி பிறந்தது. அதாவது மதுவிலக்கும் விற்பனை வரியும் ஒரே வீட்டில் பிறந்த பிள்ளைகள். பிறகு மதுவிலக்கு வந்தது, போனது, மறுபடி வந்தது, மறுபடி போனது. விற்பனை வரி மட்டும் நம்மை விட்டுப் போகவே இல்லை. 2017-ல் ஜி.எஸ்.டி. என்று பெயர் மாற்றிக்கொண்டு இன்றும் நம்முடன் இருக்கிறது.

அன்று இயற்றிய 1937-ம் ஆண்டு மதுவிலக்குச் சட்டம் திருத்தங்களுடன் இன்றைக்கும் அமலில் இருக்கிறது. 2003 நவம்பர் முதல் அரசின் டாஸ்மாக் நிறுவனமே சில்லறைக் கடை நடத்துகிறது. 2023-24-ல் அதன் மூலம் கிடைத்த வருமானம் 45,000 கோடி ரூபாய்க்கு மேல். ஆனால் அந்தக் கடைக்கு வெளியே நடக்கும் கள்ளச்சாராயம், வெளிமாநில மதுக் கடத்தல், சந்துக்கடை விற்பனை எல்லாவற்றின் மீதும் பாய்வது அந்தப் பழைய மதுவிலக்குச் சட்டம்தான். 1987 முதல் தடை செய்யப்பட்டிருக்கும் கள்ளுக்கும் அதே சட்டம்தான். அந்தச் சட்டத்தில் நம்மைப் போன்றவர்கள் கவனிக்க வேண்டிய இடம் ஒன்று இருக்கிறது. குற்றத்துக்குப் பயன்பட்ட வண்டியைப் பிடிப்பதும், அதை அரசுடைமை ஆக்குவதும் பற்றிய இடம் அது.

இந்தக் கட்டுரை கடத்தல்காரனுக்குப் பரிந்து பேசுவதற்காக எழுதப்படவில்லை. 2024 ஜூன் மாதம் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயத்தைக் குடித்து 60-க்கும் மேற்பட்டவர்கள் மாண்டதை நாம் மறக்கவில்லை. அதற்கு முந்தைய ஆண்டு மே மாதம் மரக்காணம் பகுதியிலும் செங்கல்பட்டு மாவட்டத்திலும் இதே கொடுமை நடந்தது. அந்த விஷத்தை ஏற்றிச் சென்றவனின் வண்டியை ஏலம் போட்டால் நாம் ஒரு வார்த்தை பேசப் போவதில்லை. நம் கேள்வி, ஒன்றும் அறியாத உரிமையாளனின் வண்டியைப் பற்றியது.

யாருக்கு இது நேரும்?

நம் சோமனூர் வட்டாரத்தில் வண்டி இல்லாத வியாபாரம் கிடையாது. கோவை ரங்கே கவுடர் வீதியில் மளிகைச் சரக்கு கொள்முதல், கவுந்தப்பாடியில் வெல்லமும் நாட்டுச் சர்க்கரையும், காங்கயத்தில் அரிசியும் எண்ணெயும், ஈரோட்டில் மஞ்சள். எல்லாவற்றுக்கும் மினி லாரியோ டெம்போவோ வேண்டும். தறிக்காரர்களுக்குப் பாவு நூல் வருவதும் நெய்த துணி போவதும் அதே வண்டிகளில்தான். கடையிலிருந்து வீட்டுக்குச் சரக்கு கொண்டு போய்ப் போட ஒரு மொபெட் இருக்கிறது. சொந்த வண்டி வைத்திருப்பவர் சிலர். பெரும்பாலோர் வாடகை வண்டியை நம்பியிருக்கிறோம்.

இப்படி ஒரு நிலையை எண்ணிப் பாருங்கள். கடைக்காரர் ஒருவர் தம் மினி வேனில் டிரைவரை அனுப்புகிறார். திரும்பி வரும் வழியில் டிரைவர் தனக்குத் தெரிந்த ஒருவன் கொடுத்த இரண்டு அட்டைப் பெட்டிகளைப் பருப்பு மூட்டைகளுக்கு இடையில் வைத்துக்கொள்கிறார். சோதனையில் பெட்டியைப் பிரித்தால் வெளிமாநில மதுப் புட்டிகள். டிரைவர் மீது வழக்கு. வண்டி காவல் நிலையத்துக்கு. அதிலிருந்த சரக்கும் வண்டியோடு போகிறது. உரிமையாளருக்கு விஷயம் தெரிவதே இரவில் வரும் ஒரு போன் மூலம்.

அல்லது இதையும் பாருங்கள். கடைக்காரர் தம் பழைய மொபெட்டை ஒருவருக்கு விற்றுவிட்டார். பணம் வாங்கியாயிற்று, படிவத்தில் கையெழுத்தும் போட்டுக் கொடுத்தாயிற்று. வாங்கியவர் பெயர் மாற்றவில்லை. வண்டி இரண்டு மூன்று கை மாறி, கடைசியில் சாராயக் கேனோடு பிடிபடுகிறது. ஆர்.சி. புத்தகத்தில் இருப்பது யார் பெயர்? நோட்டீஸ் யாருக்கு வரும்? சொல்ல வேண்டியதில்லை.

சட்டம் என்ன சொல்கிறது?

மதுவிலக்குச் சட்டத்தின் 14-ம் பிரிவில் 4-ம் உட்பிரிவைப் பற்றி நாம் ஒவ்வொருவரும் தெரிந்து வைத்திருக்க வேண்டும். குற்றத்துக்குப் பயன்பட்ட வண்டியைப் பிடித்த அதிகாரி, அதைக் காலதாமதம் இன்றி உரிய அதிகாரியின் முன் ஒப்படைக்க வேண்டும். குற்றம் நடந்தது என்று அந்த அதிகாரி திருப்தியடைந்தால் வண்டியை அரசுடைமை ஆக்கி உத்தரவிடலாம். நடைமுறையில் மாவட்ட மதுவிலக்கு அமலாக்கப் பிரிவின் கூடுதல் காவல் கண்காணிப்பாளர் இந்த உத்தரவுகளைப் போடுவதைப் பார்க்கிறோம். கோர்ட்டில் வழக்குத் தொடுத்தாலும் தொடுக்காவிட்டாலும் இந்த நடவடிக்கை தனியாக நடக்கும். ஆக ஒரே சம்பவத்துக்கு இரண்டு பாதைகள்: மாஜிஸ்திரேட் முன் ஒன்று, அதிகாரி முன் ஒன்று. கோர்ட்டில் கேஸ் நடக்கிறது, முடிந்ததும் வண்டி வந்துவிடும் என்று ஒருவர் சும்மா இருந்தால், அதற்குள் அடுத்த பாதையில் வண்டி ஏலத்துக்குப் போயிருக்கும்.

அதே பிரிவில் உரிமையாளனுக்கு ஒரு பாதுகாப்பும் இருக்கிறது. உத்தரவு போடுவதற்கு முன் அவன் தரப்பைக் கேட்க வேண்டும். இப்படி ஒரு குற்றம் நடக்கும் என்று நம்புவதற்குத் தனக்குக் காரணம் ஏதும் இல்லை என்பதையும், அது நடக்காமல் தடுக்கத் தகுந்த கவனம் எடுத்துக்கொண்டதையும் அவன் மெய்ப்பிக்க வேண்டும். மெய்ப்பித்தால் வண்டி தப்பும். "எனக்குத் தெரியாது" என்று சொன்னால் மட்டும் போதாது, "நான் கவனமாக இருந்தேன்" என்பதற்கும் ஆதாரம் வேண்டும். நம் வியாபாரிகளில் பலர் தடுக்கி விழுவது இந்த இரண்டாவது படியில்தான்.

கள்ளக்குறிச்சிச் சம்பவத்துக்குப் பிறகு 2024 ஜூன் 29 அன்று சட்டப்பேரவை இந்தச் சட்டத்தைத் திருத்தியது. தண்டனைகள் கடுமையாக்கப்பட்டன. உயிர்ச்சேதம் ஏற்பட்டால் ஆயுள் தண்டனையும் குறைந்தது 10 லட்சம் ரூபாய் அபராதமும் என்று ஆயிற்று. குற்றத்துக்குப் பயன்பட்ட அசையும் சொத்துகளைப் பறிமுதல் செய்வதற்கும் வகை செய்யப்பட்டது. சட்டம் கடுமையாவது சரியே. ஆனால் கத்தி கூர்மையாகும்போது அது யார் மீது விழுகிறது என்பதில் கவனமும் கூட வேண்டும் அல்லவா?

நீதிமன்றங்கள் காட்டிய வழி

காவல் நிலையங்களின் வாசலில் வண்டிகள் மக்கிக் கிடப்பதைக் கண்டு உச்சநீதிமன்றம் 2002 அக்டோபர் 1 அன்று ஒரு முக்கியமான தீர்ப்பை அளித்தது. குஜராத் மாநிலத்திலிருந்து வந்த சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கு அது. பிடிபட்ட வண்டிகளை நீண்ட காலம் காவல் நிலையத்தில் வைத்திருப்பதால் யாருக்கும் பயனில்லை. பிணைப் பத்திரமும் உத்தரவாதமும் வாங்கிக்கொண்டு, தேவைப்படும்போது திரும்ப ஒப்படைக்கும் நிபந்தனையோடு மாஜிஸ்திரேட்டுகள் உடனுக்குடன் உத்தரவிட வேண்டும். எந்தப் பொருளும் 15 நாள் முதல் ஒரு மாதத்துக்கு மேல் நிலையத்தில் கிடக்கக் கூடாது என்பது அதன் சாரம். சாட்சியத்துக்கு வண்டியே வேண்டும் என்பதில்லை, புகைப்படமும் பஞ்சநாமாவும் போதும் என்பதையும் அது தெளிவுபடுத்தியது. வக்கீல்கள் இன்றும் வண்டி விடுவிப்பு மனுவில் முதலில் காட்டுவது இந்தத் தீர்ப்பைத்தான்.

2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாகப் புதிய சட்டம் அமலுக்கு வந்திருக்கிறது. பழைய 451-ம் பிரிவு இப்போது 497. பழைய 457 இப்போது 503. இந்த 497-ம் பிரிவில் காலக்கெடு எழுத்திலேயே வந்துவிட்டது. பொருள் கோர்ட்டில் ஒப்படைக்கப்பட்ட 14 நாட்களுக்குள் அதன் விவரப் பட்டியல் தயாராக வேண்டும். போட்டோவோ வீடியோவோ எடுக்க வேண்டும். அதன் பிறகு 30 நாட்களுக்குள் அந்தப் பொருளை என்ன செய்வது என்று உத்தரவாக வேண்டும். மனுப் போடும்போது இந்த நாள் கணக்கை எடுத்துக் காட்டும்படி வக்கீலிடம் சொல்லுங்கள்.

மறுபக்கத்தையும் மறைக்கக் கூடாது. டெல்லி ஆயத்தீர்வைச் சட்டத்தின் கீழ் வந்த ஒரு வழக்கில், வண்டி விஷயத்தில் கோர்ட்டுகளின் அதிகாரத்தை அந்தச் சட்டமே வெளிப்படையாக விலக்கியிருப்பதால் வண்டியை விடுவித்தது செல்லாது என்று 2014 ஜனவரியில் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆகவே எந்தச் சட்டம், அதில் என்ன வாசகம் என்பதைப் பொறுத்து முடிவு மாறும். வாளையாறு தாண்டினால் கேரள அப்காரிச் சட்டம். அங்கும் வண்டியைப் பறிமுதல் செய்யும் அதிகாரம் அதிகாரியிடம் இருக்கிறது. நம் தமிழ்நாட்டுச் சட்டத்தைப் பொறுத்தவரை, பறிமுதல் நடவடிக்கை நிலுவையில் இருக்கிறது என்ற ஒரே காரணத்தால் வண்டியை இடைக்காலமாகக் கொடுக்க மறுக்க வேண்டியதில்லை என்று சென்னை உயர்நீதிமன்றம் பல உத்தரவுகளில் கூறியிருக்கிறது. அசல் ஆர்.சி. புத்தகத்தை கோர்ட்டில் ஒப்படைக்க வேண்டும், பிணைப் பத்திரம் எழுதித் தர வேண்டும், வண்டியை விற்கவோ மாற்றவோ கூடாது, கூப்பிடும்போது கொண்டு வந்து நிறுத்த வேண்டும் என்பவை வழக்கமான நிபந்தனைகள். சில சமயம் ஒரு தொகையைக் கட்டவும் சொல்வார்கள்.

இன்னும் இரண்டு தீர்ப்புகள் நமக்குத் தைரியம் தருபவை. இவை மதுவிலக்குச் சட்டத்தின் கீழ் வந்தவை அல்ல. அதைவிடக் கடுமையான போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் கீழ் வந்தவை. அசாமில் ஒரு லாரியில் ஏறிய நபரிடம் சோப்புப் பெட்டிகளில் ஹெராயின் பிடிபட்டது. கடன் வாங்கி லாரி வாங்கியிருந்த உரிமையாளர் குற்றவாளி அல்ல. 2025 ஜனவரி 7 அன்று உச்சநீதிமன்றம் அந்த லாரியை இடைக்காலமாக விடுவிக்க உத்தரவிட்டது. பொருள் உரிமையாளரிடம் இருந்ததா, அவருடைய ஆளிடம் இருந்ததா, வண்டி திருடப்பட்டதா, சம்பந்தமில்லாத ஒருவர் கொண்டு வந்ததா என்று நான்கு நிலைகளாகப் பிரித்துப் பார்க்க வேண்டும் என்று அது கூறியது. முதல் இரண்டிலும் வண்டி எளிதில் கிடைக்காது. பின் இரண்டிலும் நிபந்தனையோடு கொடுப்பதே வழக்கமாக இருக்க வேண்டும்.

அதே ஆண்டு அக்டோபரில் நம் மாநிலத்து லாரி ஒன்றின் வழக்கு உச்சநீதிமன்றத்துக்குப் போனது. இரும்புத் தகடு ஏற்றி வந்த லாரியில் இருந்த ஆட்களிடம் கஞ்சா பிடிபட்டது. உரிமையாளர் மீது வழக்கே இல்லை. கீழே எங்கும் வண்டி கிடைக்கவில்லை. பிடிபட்ட பொருளை அழிப்பது பற்றிய 2022-ம் ஆண்டு விதிகள், வண்டியை விடுவிக்கும் கோர்ட்டின் அதிகாரத்தைப் பறித்துவிடாது என்று சொல்லி உச்சநீதிமன்றம் லாரியை விடுவிக்கச் செய்தது. கஞ்சாவுக்கும் ஹெராயினுக்கும் உள்ள சட்டத்திலேயே அறியாத உரிமையாளனுக்கு இந்த நியாயம் உண்டு என்றால், மதுப் புட்டி வழக்கில் ஏன் இருக்கக் கூடாது?

மத்தியப் பிரதேசத்தில் வேறொரு சட்டத்தின் கீழ் ஒரு லாரி பறிமுதலானது. வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவர்கள் விடுதலையான பிறகும் லாரியைத் திருப்பித் தரவில்லை. 2022 மார்ச்சில் உச்சநீதிமன்றம் அந்தப் பறிமுதலை ரத்து செய்தது. அரசியல் சாசனத்தின் 300-ஏ பிரிவு, சட்டத்தின் அதிகாரம் இன்றி ஒருவரின் சொத்தைப் பறிக்கக் கூடாது என்கிறது. அது கோடீஸ்வரனின் பங்களாவுக்கு மட்டும் எழுதியதல்ல, கடைக்காரனின் மினி வேனுக்கும் சேர்த்துத்தான்.

நஷ்டக் கணக்கு

நாம் கணக்குப் போட்டுப் பழகியவர்கள். ஒரு உதாரணக் கணக்கைப் போட்டுப் பார்ப்போம். 4 லட்சம் ரூபாய் மதிப்புள்ள மினி வேன். மாதத் தவணை 11,000. வண்டி 10 மாதம் நிலையத்தில் நிற்கிறது என்று வைத்துக்கொள்வோம். வண்டி நின்றாலும் தவணை நிற்காது: 1,10,000. வாரத்துக்கு 4 நடை வாடகை வண்டி, நடைக்கு 800 ரூபாய் என்றால் மாதத்துக்கு 12,800. 10 மாதத்துக்கு 1,28,000. வெயிலிலும் மழையிலும் நின்ற வண்டிக்கு பாட்டரி, டயர், ஒயரிங், பெயிண்ட் என்று 40,000. ஆக 2,78,000. வண்டியின் விலையில் மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் போய்விட்டது. இன்சூரன்ஸ், வக்கீல் செலவு, கடை அடைத்து கோர்ட்டுக்கு நடந்த நாட்கள் எதுவும் இதில் சேரவில்லை. கடைசியில் "உரிமையாளர் நிரபராதி" என்று உத்தரவு வந்தாலும் இந்தப் பணம் திரும்பி வராது. தீர்ப்பு வருவதற்கு முன்பே தண்டனை முடிந்துவிடுகிறது.

அரசுக்காவது லாபம் உண்டா என்றால் அதுவும் இல்லை. இரண்டு வருஷம் நின்ற வண்டியை ஏலம் விட்டால் இரும்பு விலைதான் வரும். காவல் நிலையத்துக்கு இடநெருக்கடி. உதிரி பாகம் காணாமல் போனால் நிலையத்தில் இருப்பவர்களுக்குக் கெட்ட பெயர்.

"வண்டியை விட்டால் மறுநாளே அதே வேலைக்குப் போகும்" என்று அதிகாரிகள் சொல்வதில் நியாயம் இல்லாமல் இல்லை. தொழிலாகவே கடத்துகிறவன் விஷயத்தில் அது உண்மை. அதே உரிமையாளர், அதே வண்டி, இரண்டாம் முறை என்றால் கொடுக்க வேண்டாம். உரிமையாளரே குற்றவாளி என்றால் கொடுக்க வேண்டாம். ஆனால் முதல் முறையாக, டிரைவர் செய்த தவறில் சிக்கிய வண்டியையும் ஏன் அதே தராசில் நிறுக்க வேண்டும்? அசல் ஆர்.சி. கோர்ட்டில் இருக்கிறது. வண்டியின் மதிப்புக்குப் பிணை இருக்கிறது. வீடியோ சாட்சியம் இருக்கிறது. பிறகு பறிமுதல் உத்தரவு வந்தாலும் அரசு வண்டியையோ அதன் மதிப்பையோ வசூலித்துக்கொள்ளலாம். அரசுக்கு எதுவும் கைநழுவாது.

2016-ல் முழு மதுவிலக்கைக் கொண்டு வந்த பீகார் மாநிலத்தைப் பாருங்கள். சட்டம் மிகக் கடுமையாக எழுதப்பட்டது. பிடிபட்ட வண்டிகள் மலை போல் குவிந்தன. வழக்குகள் பாட்னா உயர்நீதிமன்றத்தை நிறைத்தன. கடைசியில் 2022-ல் அந்த அரசே சட்டத்தைத் திருத்தி, அபராதம் கட்டி வண்டியை மீட்க வழி செய்தது. மதுவை அறவே ஒழிப்போம் என்று சொன்ன மாநிலமே வண்டி விஷயத்தில் இறங்கி வந்தது என்றால், அரசே மதுக்கடை நடத்தும் மாநிலத்தில் பிடிவாதம் எதற்கு?

நம் கோரிக்கைகள்

நம் சங்கமும் மாவட்டப் பேரமைப்புகளும் அரசின் முன் வைக்க வேண்டியவை என்று எனக்குத் தோன்றுவன:

ஒன்று, புதிய சட்டத்தில் சொன்ன 14 நாள், 30 நாள் கெடுவை மதுவிலக்கு வழக்கு வண்டிகளுக்கும் தவறாமல் கடைப்பிடிக்க வேண்டும்.

இரண்டு, பறிமுதல் நோட்டீஸ் உரிமையாளருக்குத் தமிழில், தபால் மூலம், நேரிலும் கிடைக்க வேண்டும். வண்டிக்குக் கடன் கொடுத்த நிறுவனத்துக்கும் பிரதி போக வேண்டும்.

மூன்று, வண்டியில் இருந்த முறையான சரக்கை வண்டியோடு முடக்கக் கூடாது. பில்லும் இ-வே பில்லும் காட்டினால், பருப்பும் எண்ணெயும் நூலும் உடனே விடுவிக்கப்பட வேண்டும். தக்காளியும் வாழைப்பழமும் கோர்ட் வாய்தாவுக்குக் காத்திருக்காது.

நான்கு, டிரைவர் செய்த குற்றத்தில் உரிமையாளருக்குப் பங்கு இல்லை என்று விசாரணையில் தெரிந்தால், அதை விசாரணை அதிகாரியே எழுத்தில் பதிவு செய்ய வேண்டும்.

ஐந்து, தாலுகாவுக்கு ஒரு கூரை போட்ட ஷெட். பிடித்த பொருளைப் பாதுகாப்பது பிடித்தவரின் கடமை.

நாம் செய்ய வேண்டியது

அரசிடம் கேட்பது ஒரு கை. நம் பக்கம் சரியாக இருப்பது இன்னொரு கை. இரண்டு கையும் சேர்ந்தால்தான் ஓசை. சட்டம் கேட்கும் "தகுந்த கவனம்" என்பதற்கு ஆதாரத்தை வண்டி பிடிபட்ட பிறகு தயாரிக்க முடியாது. முன்பே இருக்க வேண்டும்.

டிரைவரை வேலைக்கு வைக்கும்போது ஒரு வெள்ளைத் தாளிலாவது எழுதி வாங்குங்கள்: பில் இல்லாத பொருளை ஏற்ற மாட்டேன், வழியில் ஆளையோ பார்சலையோ ஏற்ற மாட்டேன், மது வகை எதுவும் வண்டியில் வைக்க மாட்டேன் என்று. தேதியும் கையெழுத்தும் இருக்கட்டும். லைசென்ஸ் நகலை இணைத்து வையுங்கள். வண்டியின் உள்ளே கண்ணில் படும்படி அதே வாசகத்தை எழுதி ஒட்டுங்கள். ஒவ்வொரு நடைக்கும் புறப்பட்ட நேரம், ஏற்றிய சரக்கு, சிப்பம் எத்தனை, திரும்பிய நேரம் என்று ஒரு நோட்டுப் போடுங்கள். இந்த நோட்டு அதிகாரி முன் நூறு வார்த்தை பேசும்.

இ-வே பில் விஷயத்தில் அலட்சியம் வேண்டாம். வெளிமாநிலத்துக்கு 50,000 ரூபாய்க்கு மேலும் தமிழ்நாட்டுக்குள் 1 லட்சத்துக்கு மேலும் சரக்கு போனால் அது கட்டாயம். அதில் வண்டி எண் சரியாக இருந்தால், அந்த நாளில் அந்த வண்டி நியாயமான வியாபாரத்துக்குத்தான் போனது என்பதற்கு அதுவே சாட்சி. வரம்புக்குக் கீழே உள்ள சரக்குக்கும் பில் இல்லாமல் வண்டியை நகர்த்தாதீர்கள்.

வாடகை வண்டியில் சரக்கு அனுப்புகிறவர்கள் வண்டி எண்ணையும் டிரைவர் பெயரையும் பில்லில் குறித்து, ஒரு பிரதியைக் கடையில் வைத்துக்கொள்ளுங்கள். சரக்கு உங்களுடையது என்று மெய்ப்பிக்க அது வேண்டும்.

வண்டியை விற்றால், மோட்டார் வாகனச் சட்டப்படி மாநிலத்துக்குள் விற்றவர் 14 நாட்களுக்குள் பதிவு அதிகாரிக்குத் தெரிவிக்க வேண்டும். "வாங்கினவர் பார்த்துக்கொள்வார்" என்று விடாதீர்கள். விற்ற தேதி, வாங்கியவர் முகவரி, அடையாள அட்டை நகல் ஆகியவற்றோடு ரசீதைப் பத்திரமாக வையுங்கள்.

மளிகைக்காரர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. வெல்லமும் கடுக்காயும் நம் கடையில் சாதாரணச் சரக்கு. ஆனால் சாராய ஊறலுக்கும் இவைதான் போகின்றன. முன்பின் தெரியாதவர் மூட்டை மூட்டையாக வெல்லம் கேட்டால், விலை அதிகம் தருகிறார் என்று மகிழாதீர்கள். பெயரும் ஊரும் கேட்டுப் பில் போடுங்கள். பில் வேண்டாம் என்பவருக்குச் சரக்கும் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.

இவ்வளவுக்குப் பிறகும் வண்டி பிடிபட்டால் என்ன செய்வது?

முதலில் முதல் தகவல் அறிக்கையின் நகலும் கைப்பற்றிய மஹஜரின் நகலும் வாங்குங்கள். வண்டியில் இருந்த சரக்கு அதில் முழுமையாக எழுதப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். ஆர்.சி., இன்சூரன்ஸ், எப்.சி., பர்மிட், டிரைவர் எழுதிக் கொடுத்த கடிதம், பில், நடை நோட்டு எல்லாவற்றையும் ஒரே கோப்பில் சேர்த்து வக்கீலிடம் போங்கள். கோர்ட்டில் விடுவிப்பு மனு ஒன்று. மதுவிலக்கு அமலாக்கப் பிரிவு அதிகாரிக்கு எழுத்து மூலமான விளக்கம் ஒன்று. இரண்டும் ஒரே வாரத்தில் போக வேண்டும். சரக்கு வேறொருவருடையது என்றால் அவர் தனியாக மனுப் போட வேண்டும். அதிகாரியிடமிருந்து நோட்டீஸ் வந்தால் தேதி தவறாமல் நேரில் போங்கள். பதிலைக் கொடுத்து அதற்கு ஒப்புகை வாங்குங்கள். "நான் பேசி எடுத்துத் தருகிறேன்" என்று வரும் இடைத்தரகரை வாசலிலேயே அனுப்பிவிடுங்கள். அவர் கையில் போன பணத்துக்கு ரசீது கிடையாது; அதனால் நாள்தான் வீணாகும்.

மிக முக்கியமான எச்சரிக்கை ஒன்று. "குற்றத்தை ஒப்புக்கொண்டு சின்ன அபராதத்தைக் கட்டிவிடுங்கள், வண்டி வந்துவிடும்" என்று யாராவது சொன்னால், வக்கீலைக் கேட்காமல் தலையாட்டாதீர்கள். கோர்ட்டில் ஒப்புக்கொண்டது, பறிமுதல் அதிகாரியின் முன் நமக்கு எதிரான ஆதாரமாக வந்து நிற்கும். சில ஆயிரம் அபராதத்தில் முடிந்தது என்று வீடு திரும்பியவர், சில லட்சம் வண்டியை இழக்க நேரும்.

சங்கத்துக்கு ஒரு யோசனை. டிரைவர்களிடம் எழுதி வாங்கும் கடிதத்தின் மாதிரியை அச்சிட்டு உறுப்பினர்களுக்குக் கொடுக்கலாம். இந்த வகை வழக்குகளில் பழக்கமுள்ள வக்கீல்கள் இருவர் மூவரைச் சங்கத்தோடு இணைத்து வைக்கலாம். வண்டி பிடிபட்ட உறுப்பினரோடு சங்கப் பொறுப்பாளர் ஒருவர் முதல் நாளே நிலையத்துக்குப் போனால், பாதிப் பயம் தீரும். அதே சமயம் விசாரித்துப் பார்த்து, அந்த உறுப்பினரே கள்ளச் சரக்குக்கு வண்டி கொடுத்தவர் என்று தெரிந்தால், சங்கம் அவருக்காக ஒரு படி ஏறக் கூடாது. அப்போதுதான் நிரபராதிக்காக நாம் பேசும்போது அதிகாரிகள் காது கொடுப்பார்கள்.

வணிகன் சட்டத்துக்கு அஞ்சுகிறவன், அஞ்ச வேண்டியதுதான். ஆனால் சட்டம் தனக்குக் கொடுத்திருக்கும் உரிமையைக் கேட்பதற்கு அவன் அஞ்ச வேண்டியதில்லை. குற்றம் செய்தவன் வண்டியை இழக்கட்டும். குற்றம் அறியாதவன் வண்டி, கெடு தவறாமல் அவன் வாசலுக்கு வரட்டும். அடுத்த பொதுக்குழுவில் இந்தக் கோரிக்கைகளைத் தீர்மானமாக நிறைவேற்றி, மாவட்ட ஆட்சியருக்கும் மதுவிலக்குத் துறைக்கும் அனுப்பி வைப்போம். இன்று இரவு கடை சாத்துவதற்கு முன், உங்கள் டிரைவரிடம் அந்தக் கடிதத்தில் கையெழுத்து வாங்கிவிடுங்கள்.